ஐஸ் உருக வேண்டும்

மனிதனிடம் எது இருந்தாலும் அதை அளந்து மார்க் போடாவிட்டால் அரசாங்கத்துக்குத் தூக்கம் பிடிக்காது. மொம்போஸ் ஊரில் நேரத்தைப் பிடித்து நிறுத்தும் பலம் நாலைந்து பேருக்கு இருந்தது. அவரவர் பாட்டுக்குப் பாலைப் பொங்காமல் நிறுத்தினார்கள், படகைக் கிளம்பாமல் நிறுத்தினார்கள். யாருக்கும் ஒரு கெடுதலும் இல்லை. அதற்கும் தலைநகர் போகோட்டாவிலிருந்து ஒரு பரீட்சை வந்து சேர்ந்தது. வயது வந்த எல்லோரும் போயே தீர வேண்டுமாம்.

பரீட்சை என்ன பெரிய பரீட்சை! தட்டில் ஒரு ஐஸ்கட்டி வைப்பார்கள். அதிகாரி மணல் கடிகாரத்தைத் திருப்புவார். மணல் தீரும் வரை ஐஸ் உருகாமல் இருந்தால் தேறியாயிற்று. வேண்டுமென்றே தோற்கவும் வழியில்லை. கண்ணெதிரே ஒன்று மாறினால், வேறெதையும் பிடிக்காமல் சும்மா இருக்கும் பலம் தானாகப் போய் அதைப் பற்றிக்கொள்ளும். தேறியவர்களுக்கு மலைப்பாதையில் வேலை. சரிகிற மண்ணை நிறுத்திப் பிடித்து லாரிகளுக்கு வழி விட வேண்டும். நல்ல சம்பளம் என்பதால் ஊரே தேற வேண்டுமென்று மெழுகுவர்த்தி ஏற்றியது. எனில்டா ஒருத்திதான் தோற்க வேண்டுமென்று ஏற்றினாள்.

காரணம் வீட்டில் கிடந்தது. அவள் புருஷன் யூஸ்டோர்ஹியோ, படகோட்டி. மழை தொடங்குமுன்னே ஒரு மத்தியானம் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு வலைத்தூளியில் சாய்ந்தான். கடைசி மூச்சு உள்ளே போனது. அதை வெளியே விடாமல் எனில்டா பிடித்தாள். பிடித்தவள் இன்றுவரை விடவில்லை. தூக்கத்திலும் விடவில்லை. நிறைகுடத்தைத் தலையில் சுமக்கிறவள் மாதிரி எந்நேரமும் கழுத்து கனத்தது. சாகிறவனை இப்படி நிறுத்தி வைப்பது குற்றம், தெரிந்தால் அன்றைக்கே விடச் சொல்வார்கள். பரீட்சையில் தேறிவிட்டாலோ மலைக்கு அனுப்பிவிடுவார்கள், அங்கிருந்து பிடி எட்டாது. தோற்றால்தான் அவன் இருப்பான். அதில் அவளுக்குப் பயமும் இல்லை. இருக்கிற பலமெல்லாம் அவன்மேல் கிடக்கும்போது ஐஸுக்கு ஏது மிச்சம்?

"நீ நிம்மதியா போ அண்ணி. அண்ணன நான் பாத்துக்கறேன்," என்றாள் நாத்தனார் சிக்ஸ்டா.

"ஈ மொய்க்காம பாரு."

"மொய்க்கிற ஈயும் அப்படியே நின்னு போயிருது. நான் என்னத்தப் பாக்க?"

பள்ளிக்கூட வராந்தாவில் வரிசை நீண்டு கிடந்தது. வெயில் மண்டையைப் பிளந்தது. எனில்டாவுக்கு முன்னால் நின்றவள் மீன் விற்கிற நெரீஸ். உள்ளே போன வேகத்திலேயே பாவாடையில் கையைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தாள்.

"என்னடி ஆச்சு?"

"குளமாப் போச்சு! வூட்டுக்காரன் ஊர் மேயப் போறதையே இருபது வருசமா என்னால நிறுத்த முடியல, ஐஸையா நிறுத்தப் போறேன்? அந்தக் கோட்டுக்காரன் வேற, நான் மொறைச்ச மொறைப்புல அவனே பாதி உருகிட்டான்!"

எனில்டாவுக்குச் சிரிப்பு பீறிட்டது. அடக்கப் பார்த்தாள், முடியவில்லை. வயிற்றைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள். எத்தனை காலமாயிற்று இப்படிச் சிரித்து! உடம்பே லேசாகிவிட்டது. சிரிப்புக்கு இவ்வளவு சுகம் உண்டா என்று நினைத்துக்கொண்டே, கூப்பிட்டதும் உள்ளே போனாள்.

கோட்டு போட்ட அதிகாரி நெற்றியைத் துடைத்துக்கொண்டு ஐஸை வைத்தார், கடிகாரத்தைத் திருப்பினார். மின்விசிறி ஓடவில்லை. எனில்டா அலட்சியமாக உட்கார்ந்து, ராத்திரிக்கு மரவள்ளி அவிக்கலாமா என்று யோசித்துக்கொண்டிருந்தாள்.

பாதி மணல் இறங்கிய பிறகுதான் தட்டைக் கவனித்தாள். காய்ந்து கிடந்தது. ஐஸ்கட்டி வைத்தது வைத்தபடி, முனை மழுங்காமல் இருந்தது.

"உருகு," என்றாள் மெல்ல.

அது உருகவில்லை. கழுத்தில் கை வைத்துப் பார்த்தாள். கனமே இல்லை. கண்ணை இறுக மூடி வீட்டைத் தேடினாள், தூளியைத் தேடினாள், அந்த மூச்சைத் தேடினாள். பற்றிக்கொள்ள அங்கே ஒன்றும் இல்லை. பாவி, சிரித்தாளே! அந்தச் சிரிப்பில் பிடி நழுவிப் போயிருக்கிறது. அவன் செத்துக்கொண்டிருந்தபோது அவள் சுகமாக இருக்கிறது என்று நினைத்தாள்.

மணல் தீர்ந்தது. அதிகாரி தட்டை விரலால் தடவிப் பார்த்தார்.

"அடேங்கப்பா! ஒரு சொட்டு இல்லையே! இந்த ஆத்தோரத்துல இப்படி ஒரு பலத்த நான் பாத்ததே இல்லம்மா."

"சரியா பாருங்க ஐயா. உங்க காலப் புடிக்கறேன். கொஞ்சமாச்சும் உருகியிருக்கும்."

அவளுக்குச் சந்தோஷத்தில் புத்தி தடுமாறுகிறது என்று அவர் நினைத்தார். இதுபோல் எத்தனையோ பேரைப் பார்த்தவர். வாசலில் எட்டிப் பார்த்தவர்கள் கைதட்டினார்கள். நெரீஸ் விசிலே அடித்தாள்.

"வெள்ளிக்கிழமை லாரி கிளம்புது," என்றார் அதிகாரி. "எல்லாரையும் கேக்கறதுதான், தப்பா நெனைக்காதீங்க. வீட்டுல உங்களையே நம்பி யாராச்சும் இருக்காங்களா?"

எனில்டா காய்ந்த தட்டைப் பார்த்தாள்.

"இல்லீங்க," என்றாள். "யாரும் இல்ல."