அக்கா பெயரில் வந்த பத்திரிகை

நகரசபைத் தலைவரைக் கவிழ்க்கத்தான் தம்பி அந்தப் பத்திரிகையைத் தொடங்கினான். அவன்மேல் இரண்டு வழக்குகள் இருந்ததால் ஆசிரியர் என்று அக்காவின் பெயரைக் கொடுத்தான். அவள் நீதிமன்றத்தில் தட்டச்சராக இருந்து ஓய்வு பெற்றவள்.

"சும்மா பேருக்குத்தான்க்கா. கையெழுத்து மட்டும் போடு, மத்ததை நான் பாத்துக்கறேன்."

சும்மா இருப்பது அவளுக்கு வராது. முதல் இதழில் பதினேழு எழுத்துப்பிழைகள். மறுநாளே சிவப்புப் பேனாவோடு அச்சகத்து மாடியறையில் போய் உட்கார்ந்துவிட்டாள். நிருபர் 'கொள்ளைக்காரத் தலைவர்' என்று எழுதினால், "எந்தக் கோப்புல இருக்கு? கொண்டாங்க" என்பாள். அவர் தலையைச் சொறிந்துகொண்டே படியிறங்குவார்.

மூன்றாம் மாதம், ஆஸ்பத்திரியின் புதுக் கட்டடத்தில் கூரை இடிந்து ஒரு நோயாளி இறந்துபோனார். அவருடைய மனைவி மாடியேறி வந்து நடந்ததையெல்லாம் சொன்னாள். அக்கா தன் கையாலேயே எழுதினாள். கட்டிய ஒப்பந்தக்காரர் தலைவரின் மச்சான் என்பதற்கான ஆவணத்தையும் சேர்த்து அச்சிட்டாள். காலை பத்து மணிக்குள் பத்திரிகை தீர்ந்து, மறுபடி அச்சடிக்க வேண்டியதாயிற்று. பேருந்தில் ஒருவர் வாசிக்க, சுற்றி நின்றவர்கள் கேட்டார்கள். தம்பிக்குக் கால் தரையில் பாவவில்லை. அக்காவுக்கோ இருப்புக்கொள்ளவில்லை. தொலைபேசி அடித்தாலும் எழுந்தாள், அடிக்காவிட்டாலும் எழுந்தாள்.

நகரசபைத் தேர்தலுக்குப் பன்னிரண்டு நாள் இருக்கையில், ஒரு மதியம் தம்பி புகைப்படம் ஒன்றைக் கொண்டுவந்து மேசையில் வைத்தான். அதில் அவனும் தலைவரும் தோள்மேல் கைபோட்டுச் சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

"நாளைக்கு முதல் பக்கம்க்கா. நாங்க ஒண்ணாயிட்டோம், ஒரே அணியில நிக்கறோம்."

"ஆஸ்பத்திரி செய்தி?"

"தப்பான தகவல், வருந்துகிறோம்னு மூலையில ரெண்டு வரி போட்டுடு."

"எது தப்புன்னு காட்டு, திருத்தறேன்."

"அரசியல்ல இதெல்லாம் சகஜம்க்கா."

"அந்தப் பொண்ணு முகத்துல நான் எப்படிடா முழிப்பேன்?"

"பத்திரிகை என்னோடது!" என்று கத்திவிட்டுக் கதவை அறைந்து சாத்திப் போனான்.

அறைக்குள் நாலு முறை நடந்தாள். பிறகு பையை எடுத்துக்கொண்டு, பத்திரிகைப் பதிவு அலுவலகம் மூடுவதற்குள் போய்விட வேண்டுமென்று வெயிலில் ஓட்டமும் நடையுமாகப் போனாள். ஆசிரியர் பொறுப்பிலிருந்து விலகும் கடிதத்தைப் பார்த்த குமாஸ்தா, "யோசிச்சுச் செய்யுங்கம்மா" என்றார்.

"யோசிச்சா வீட்டுக்குத் திரும்பிடுவேன். முத்திரை போடுங்க."

தன் டிரைவரை ஆசிரியராக்கித் தம்பி இன்னும் இரண்டு இதழ் கொண்டுவந்தான். புகைப்படமும் வந்தது, வருத்தமும் வந்தது. கடைக்காரர்கள் கட்டுக் கட்டாகத் திருப்பியனுப்பினார்கள். தேர்தலில் தம்பியும் தலைவரும் சேர்ந்தே மண்ணைக் கவ்வினார்கள். ஐந்து மாதம்கூட நிறையாமல் பத்திரிகை நின்றுபோனது.

அந்த வாரமே அக்கா ஆஸ்பத்திரியில் இறந்தவரின் வீட்டைத் தேடிப் போனாள். அவருடைய மனைவி கதவைப் பாதிதான் திறந்தாள்.

"அந்த ரெண்டு வரியை என் மாமியார் படிச்சாங்கம்மா. அப்ப நாங்க சொன்னது பொய்யான்னு தெருவே கேக்குது."

அதை எழுதியது தானல்ல என்று சொல்லத்தான் வந்திருந்தாள்.

"உள்ள வரட்டுமா?" என்று மட்டும் கேட்டாள்.

அந்தப் பெண் கதவை முழுதாகத் திறந்தாள். பிறகு நகர்ந்து வழி விட்டாள்.