ஏழு வரை எண்ணுகிறவள்

நாடக அரங்கின் பின்பக்கம் வேலை பார்க்கிறவளுக்கு முதலில் வளர வேண்டியது சந்தேகம். ஒரு விக் காணாமல் போனால் யார் எடுத்தது, பக்கத்து அறையில் பேச்சு சட்டென்று நின்றால் யாரைப் பற்றிப் பேசினார்கள், முதலாளி பல்லைக் காட்டினால் எதற்கு அடி போடுகிறார் என்று தெரியாவிட்டால் ஊசி நூலோடு வேறு வேலை தேடிப் போய்விடலாம். ஆல்மா ஹெஸ்கெத்துக்கு இருபத்து நான்கு வருஷம் உடை மாட்டிவிட்டவள் நான். ஐவி மூக்கை ஏமாற்ற முடியாது என்று எல்லோரும் சொல்வார்கள். நானும் அதை நம்பிக்கொண்டிருந்தேன்.

ஆல்மாவைத் தெரியாதவர்கள் எழுபதுகளில் டிவி இல்லாத வீட்டில் இருந்திருக்க வேண்டும். வட இங்கிலாந்தின் பர்ன்லியில் பஞ்சாலைத் தொழிலாளி மகள். பதினைந்து வயதில் தொழிலாளர் கிளப்புகளில் மேடை ஏறினாள். பீர் கோப்பையோடு தங்களுக்குள் கத்திக்கொண்டிருக்கும் ஆண்களைச் சிரிக்க வைக்க வேண்டும். இவள் கத்தினால் அவர்கள் இன்னும் கத்துவார்கள். அதனால் பாதி வாக்கியத்தில் நிறுத்திவிட்டுச் சும்மா நிற்பாள். பொண்ணுக்கு என்ன ஆச்சு என்று ஒவ்வொருவராகத் திரும்புவார்கள். கடைசிக் குடிகாரனும் திரும்பியதும் மீதி வாக்கியத்தைப் போடுவாள். சிரிப்பில் கூரை பறக்கும். அந்த மௌனத்தை வைத்துத்தான் லண்டன் போனாள். டிவியில் கறாரான விடுதிக்காரியாக ஏழு வருஷம் நாட்டையே சிரிக்க வைத்தாள். பிறகு தொடர் நின்றது, போன் அடிப்பது குறைந்தது. நான் சொல்கிற 1988இல் அவளுக்கு வயது அறுபத்து நான்கு. மிஞ்சியிருந்தது தார்ன்ஸ்பி கடற்கரை அரங்கில் வருஷா வருஷம் கிறிஸ்துமஸுக்குக் குழந்தைகளுக்காகப் போடும் பாட்டும் கேலியுமான தேவதைக் கதை நாடகம், பாண்டோ என்பார்கள், அது மட்டும்தான்.

நவம்பரில் ஒத்திகைக்கு வந்த முதல் நாளே ஆல்மாவின் முகம் கடுகடுவென்று இருந்தது.

"போஸ்டரைப் பாத்தியா ஐவி?"

"பாத்தேன்."

"என் பேரும் அந்த டாம்சின் பிரைஸ் பேரும் ஒரே உயரம். ஸ்கேல் வச்சு அளந்துட்டேன்."

"நடுத்தெருவுல நின்னா அளந்தீங்க?"

"பஸ் ஸ்டாப்புல. ஒரு பெரியவர் மறுமுனையைப் பிடிச்சுக்கிட்டார். கையெழுத்து வேற கேட்டார், பாவம்." சிரித்துக்கொண்டே கோட்டைக் கழற்றி என் மேல் எறிந்தாள். "ஒன்பது வருஷமா என் பேருதானே மேல? ராட்னி காதுல யாரோ எதையோ போட்டிருக்காங்க."

ராட்னிதான் முதலாளி. கதை எழுதுவதும் அவர், நடத்துவதும் அவர்.

"அந்தப் பொண்ணாத்தான் இருக்கும்" என்றேன். ஒரு நொடிகூட யோசிக்கவில்லை.

டாம்சினுக்கு இருபத்தாறு வயது. லண்டன் மதுக்கடை மாடிகளில் நின்று ஜோக் சொல்லிப் பெயர் வாங்கியவள். பட்டாளத்துக்காரன் பூட்ஸ், ஆண்பிள்ளை கிராப். அந்த வருஷக் கதையில் ஆல்மா தேவதை, அவள் அரண்மனைச் சமையற்காரி. கடைசிக் காட்சியில் படியிறங்கி வரும்போது கடைசியாக வருகிறவர்தான் பெரிய நட்சத்திரம் என்பது எங்கள் கணக்கு. ராட்னி அதிலும் மழுப்பிவிட்டார். இரண்டு பேரும் கைகோத்துக்கொண்டு வர வேண்டுமாம்.

ஆக, மிச்சமிருந்தது கடைசி இரண்டு வரி. பாண்டோவின் முடிவில் ஒருவர் முன்னால் வந்து பாட்டு மாதிரி இரண்டு வரி சொல்லித் திரையை இறக்க வைப்பார். அதை ஒத்திகையில் யாரும் வாய்விட்டுச் சொல்ல மாட்டோம். சொன்னால் நாடகம் அப்போதே முடிந்துவிட்டது என்று அர்த்தம், முடிந்த நாடகம் விளங்காது. "டும்டி டும்டி" என்று சொல்லிவிட்டு டீ குடிக்கப் போய்விடுவோம். ராட்னி இன்னும் ஒரு படி மேல். அந்த வரிகளை நாடகப் பிரதியில் சேர்க்கவே மாட்டார். யார் சொல்லப் போகிறாரோ அவருக்கு, முதல் காட்சியன்று மதியம், ஒட்டிய உறையில் வரும். வேறு யார் கண்ணும் அதில் படக் கூடாது. ஒன்பது வருஷமும் உறை ஆல்மா மேஜைக்குத்தான் வந்தது.

"அதுவும் போச்சுன்னா அடுத்த வருஷம் என் பேருக்கு முன்னால 'மற்றும்' போட்டுடுவாங்க, ஐவி. அதுக்கு அடுத்த வருஷம் பேரே இருக்காது. வீட்டுல உக்காந்து ஜன்னலைப் பாத்துக்கிட்டே செத்துப்போவேன்" என்றாள். அதை அவள் விளையாட்டாகச் சொல்லவில்லை.

அதன்பின் நான் டாம்சினை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. ஆல்மா மேடையில் இருக்கும்போதெல்லாம் அவள் ஓரத்திரைக்குப் பின்னால் நிற்பாள். உதடு அசையும். என்னைக் கண்டதும் நிறுத்திக்கொள்வாள். கையில் சின்ன சிவப்பு நோட்டு.

"ஐவி, டீ போடப் போறேன். உங்களுக்கும் ஒண்ணு?"

"நான் குடிச்சாச்சு."

"எப்பக் கேட்டாலும் குடிச்சாச்சுங்கறீங்க. உங்க வயித்துல கடலே இருக்கும் போல."

டீயை ஊற்றி வாயைக் கிளறப் பார்க்கிறாள் என்று எனக்குத் தெரியாதா? ஒருநாள் நோட்டை நாற்காலியில் வைத்துவிட்டுப் போனாள். எடுத்துப் பார்த்தேன். வெட்கமெல்லாம் இல்லை, அது என் வேலை. பக்கம் பக்கமாக ஒரே மாதிரி. ஆல்மா, மோதிரம், நாலு. ஆல்மா, பூனை, ஆறு. ஆல்மா, ராஜாவின் கடிதம், ஏழு.

ஓடிப்போய் ஆல்மாவிடம் சொன்னேன். "நீங்க விடுற தப்பையெல்லாம் எண்ணி எழுதி வைக்கிறா. ராட்னிகிட்டக் கொடுக்கத்தான்."

ஆல்மா தின்றுகொண்டிருந்த பன்றிக்கறி பஃப்ஸைப் பாதியில் வைத்துவிட்டாள். "கடிதத்துல ஏழு தப்பா?" என்று மெல்லக் கேட்டாள். அன்றிலிருந்து இடைவேளையில் சாப்பிடுவதை நிறுத்தி, கண்ணாடி முன் உட்கார்ந்து மனப்பாடம் செய்ய ஆரம்பித்தாள்.  அந்தப் பெண்ணின் பூட்ஸில் ஊசி போட்டு வைக்கலாமா என்றுகூட நினைத்தேன்.

முதல் காட்சி சனிக்கிழமை மதியம் இரண்டரைக்கு. பன்னிரண்டு மணிக்கு நான் அறையைத் திறந்தபோது, கண்ணாடி மேல் சாய்த்து வைத்து ஓர் உறை இருந்தது. ராட்னியின் கையெழுத்து. மிஸ் ஆல்மா ஹெஸ்கெத்.

கையைத் தட்டிச் சிரித்துவிட்டேன். வேறு யாராக இருந்தாலும் அத்தோடு விட்டிருப்பார்கள். எனக்கு உடனே அடுத்த சந்தேகம். உள்ளே வரிகள்தான் இருக்கின்றன என்று என்ன நிச்சயம்? "இந்த முறை டாம்சினுக்கு விட்டுக்கொடுங்கள்" என்று மன்னிப்புக் கடிதமாக இருந்தால்? மேடை ஏறப் போகிற நேரத்தில் அவள் அதைப் படித்து உடைந்துபோனால்? ஆல்மா ஒரு மணிக்கு மேல்தான் வருவாள், முதல் காட்சியன்று கடற்பாலத்தில் முனை வரை நடந்துவிட்டு வருவது அவள் வழக்கம். கெட்டிலைப் போட்டேன். ஆவியில் உறையைக் காட்டினேன்.

உள்ளே இரண்டு வரி இருந்தது. கூடவே ஒரு துண்டுச் சீட்டும் இருந்தது.

"ஆல்மா, ஐவி சொன்னதை நினைவில் வைத்து இந்த வருஷம் சின்ன வரிகளாக எழுதியிருக்கிறேன். அக்டோபர் விஷயம் நம் மூவரைத் தாண்டாது. பதற வேண்டாம். ராட்னி."

இதுவரை சொல்லாமல் வைத்திருந்ததை இப்போது சொல்லித்தான் ஆக வேண்டும். ராட்னி காதில் போட்டது நான்.

அக்டோபரில் தர்மத்துக்குப் பணம் திரட்டும் ஒரு நிகழ்ச்சி. ஆல்மா பழைய விடுதிக்காரி பேச்சைப் பேசினாள். நடுவில் நின்றுவிட்டாள். கண் பால்கனியைப் பார்த்தபடி வெறித்துக் கிடந்தது. பிறகு மீதியைச் சொன்னாள், கூட்டம் சிரித்தது. ஓரத்தில் நின்ற எனக்குச் சிரிப்பு வரவில்லை. மறந்துவிட்டாள் என்றுதான் நினைத்தேன். என் அக்காவுக்கு மறதி நோய் அப்படித்தான் ஆரம்பித்தது. மறுநாள் ராட்னி வந்தபோது, அவளுக்கு நல்லது செய்கிறேன் என்று, "ரொம்ப வசனம் கொடுக்காதீங்க, பாவம், முன்ன மாதிரி இல்ல" என்று சொன்னேன். அவர் போஸ்டரை மாற்றுவார் என்று எனக்கு எப்படித் தெரியும்? மாற்றிய பிறகு உண்மையைச் சொல்ல வாய் வரவில்லை. டாம்சின் மேல் பழியைப் போட வாய் நன்றாகவே வந்தது.

சீட்டை என் ஏப்ரன் பையில் ஊசிகளுக்கு அடியில் திணித்தேன். உறையை மீசை ஒட்டும் பசையால் ஒட்டி அதே இடத்தில் வைத்தேன்.

ஆல்மா வந்து அதைப் பார்த்ததும் சின்னப் பெண் மாதிரி என்னைக் கட்டிக்கொண்டாள். "வந்துடுச்சு ஐவி! எனக்குத்தான் வந்திருக்கு!" உறையை முகர்ந்து பார்த்தாள். "மீசைப் பசை வாசனை அடிக்குது?"

"என் கையில இருக்கும்" என்றேன்.

நாடகம் ஜோராகப் போனது. குழந்தைகள் கத்திய கத்தலில் திரை ஆடியது. ஆல்மா ஒரு வார்த்தை பிசகவில்லை. நான் மட்டும்தான் ஒவ்வொரு வாக்கியத்துக்கும் ஓரத்தில் நின்று செத்துச் செத்துப் பிழைத்தேன். கடைசியில் எல்லோரும் வரிசையாக நிற்க, அவளும் டாம்சினும் கைகோத்துப் படியிறங்கினார்கள். ஆல்மா கையை விட்டுவிட்டு முன்னால் வந்தாள். மந்திரக்கோலை உயர்த்தினாள்.

"மோதிரம் கிடைத்தது, மாப்பிள்ளை கிடைத்தான், மணியும் அடித்தாச்சு..."

நின்றாள்.

கூட்டம் அடங்கியது. கண் பால்கனியைப் பார்த்தது. அக்டோபரில் பார்த்த அதே பார்வை. ஒரு குழந்தை இருமியது. என் கால் தன்னால் முன்னே போயிற்று. இரண்டு எட்டு வைத்தால் திரை ஓரம். கிசுகிசுப்பதாகத்தான் நினைத்தேன், பயத்தில் குரல் உயர்ந்து முன்வரிசை வரை போய்விட்டது.

"மாமியார் மட்டும் மிச்சம், யாருக்கு வேணும், எடுத்துட்டுப் போங்க!"

முன்வரிசை சிரித்தது. பின்னால் இருந்தவர்கள் என்ன, என்ன என்று கேட்டார்கள். டாம்சின் சட்டென்று சத்தம் வந்த பக்கம் திரும்பினாள், இருட்டில் நான் அவள் கண்ணுக்குப் படவில்லை. ஆல்மா திரும்பவில்லை. கோலை இறக்கினாள், அதே வரியைச் சத்தமாகச் சொன்னாள். இரண்டாந்தரம் கேட்ட ஜோக்குக்கு என்ன சிரிப்பு வருமோ அது வந்தது. திரை விழுந்தது.

அறைக்கு வந்து கண்ணாடி முன் உட்கார்ந்தாள். கிரீடத்தைக்கூட எடுக்கவில்லை. நான் ஹேங்கரைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். கதவு தட்டாமலே டாம்சின் தலையை நீட்டினாள்.

"மிஸ் ஹெஸ்கெத், எந்தக் கடங்காரன் அது? நாலுலயே போட்டு உடைச்சுட்டான்! நான் ஏழு வரும், கூரை பிச்சுக்கும்னு எண்ணிக்கிட்டே நின்னேன்."

"என்னத்தை எண்ணின?" என்றாள் ஆல்மா.

பெண்ணின் முகம் சிவந்துவிட்டது. "நீங்க ஒவ்வொரு இடத்துலயும் பேச்சை நிறுத்திட்டு எத்தனை எண்ணுற நேரம் சும்மா நிக்கறீங்கன்னு எழுதி வச்சிருக்கேன். திருட இல்ல, சத்தியமா. எனக்கு ரெண்டுக்கு மேல சும்மா நிக்கவே வராது, பயந்து உளறிடுவேன். நீங்க எப்படித்தான் ஏழு வரைக்கும் நிக்கறீங்களோ." சிவப்பு நோட்டை ஆட்டிக் காட்டிவிட்டு எதிர் அறைக்குப் போனாள்.

 இருபத்து நான்கு வருஷம் அதே மௌனத்துக்குப் பக்கத்தில் நின்றவள் நான். ஒரு தடவைகூட எண்ணிப் பார்த்ததில்லை.

"அந்த வரி உனக்கு எப்படித் தெரியும், ஐவி?" கண்ணாடியில் என்னைப் பார்த்துத்தான் கேட்டாள்.

"உறையைப் பிரிச்சேன்."

"ஏன்?"

"பயந்துட்டேன். நீங்க மறுபடியும் மறந்துடுவீங்களோன்னு..."

"மறுபடியுமா?"

 வாய் தவறிச் சொல்லியாகிவிட்டது.

"எப்ப மறந்தேன் நான்?" என்றாள். அவளே தேடினாள், கண்டுபிடித்தாள். "அக்டோபர். அந்த தர்ம நிகழ்ச்சி. அன்னைக்கு எட்டு வரைக்கும் போனேன், ஐவி. என் வாழ்க்கையிலேயே அதுதான் பெருசு. வீட்டுக்குப் போயும் தூக்கம் வரல, அவ்வளவு சந்தோஷம்." அவள் குரல் உயரவே இல்லை. "அப்போ ராட்னிகிட்டச் சொன்னது நீ."

ஏப்ரன் பையிலிருந்து சீட்டை எடுத்து மேஜையில் வைத்தேன். வேறு என்ன செய்ய? கூடவே வந்த ஊசி விரலில் குத்தியது. ஆல்மா சீட்டைப் படித்தாள், நாலாக மடித்தாள், பவுடர் டப்பாவுக்கு அடியில் வைத்தாள்.

"உங்க நல்லதுக்குத்தான்..." என்று ஆரம்பித்தேன்.

"தெரியும். அதுதான் தாங்க முடியல. அந்தப் பொண்ணு கெட்டவளா இருந்திருந்தா எவ்வளவு சுலபமா இருந்திருக்கும்!"

எழுந்து நின்றாள். தேவதை உடையில் முதுகு நெடுக இருபத்திரண்டு கொக்கி. நானே தைத்தது, கண்ணை மூடிக்கொண்டு கழற்றுவேன். வழக்கம்போல ஒரு எட்டு முன்னால் வைத்தேன். அவள் எனக்கு முதுகைக் காட்டவில்லை. கதவைப் பார்த்துத் திரும்பினாள்.

"டாம்சின், கண்ணு! கொஞ்சம் வந்து இந்தக் கொக்கியைக் கழட்டி விடறியா?"

டாம்சின் பூட்ஸ் தடதடக்க ஓடி வந்தாள். என்னைப் பார்த்தாள், ஆல்மாவைப் பார்த்தாள். முதுகுப்பக்க லேஸ் துணியைத் தடவித் தடவிப் பார்த்தாள். முதல் கொக்கி எங்கே இருக்கிறது என்று அவளுக்குத் தெரியவில்லை. இடது பக்கம், கழுத்து மடிப்புக்கு உள்ளே. எனக்கு வாய் வரை வந்துவிட்டது.

இந்த முறை சொல்லாமல் நின்றேன்.