பத்திரிகைக்குப் போன பெயர்கள்

“கர்னல் இல்லய்யா, பிரிகேடியர். போன மாசம் உயர்வு வந்துருச்சு. ஒழுங்கா எழுதிக்குங்க” என்று ஹாஜி பயூமி தொலைபேசியில் அதட்டினார்.

மறுநாள் வரப்போகும் பத்திரிகையின் மரண அறிவிப்புப் பக்கத்துக்குச் செய்தி சொல்லிக்கொண்டிருந்தார். உள்ளறையில், இறந்துபோன அவருடைய தங்கை நபூசாவைக் குளிப்பாட்டி, கஃபன் துணி சுற்றி முடித்திருந்தார்கள். கூடத்துக்கு வந்த இக்ராம், நனைந்த சட்டைக் கையைப் பிழிந்துவிட்டபடி நின்று கேட்டாள்.

“இறையருள் சேர்ந்த நபூசா அம்மையார். ஹாஜி பயூமியின் தங்கை. பிரிகேடியர் ஃபத்ஹியின் அத்தை. டாக்டர் முக்தாரின் அத்தை...”

ஷுப்ராவிலிருந்து அலெக்சாந்திரியா வரை சம்பந்தம் செய்த வீடுகள் எல்லாம் வந்தன. நாற்பது வருஷமாக அவர்களில் ஒருவர் காலும் இந்த வாசலில் பட்டதில்லை.

பேசும் படத்தில் நபூசா முதன்முதல் வாய் திறந்த அன்று, இதே பயூமி கொட்டகையில் எழுந்து நின்று திரைமேல் செருப்பை வீசினார். தங்கை செத்துவிட்டாள் என்று அன்றே தெருவுக்கெல்லாம் சொல்லிவிட்டார். அவளாவது பெரிய நட்சத்திரமானாளா என்றால் அதுவுமில்லை. பஹீஜா என்ற பெயரில் ஆறே படங்கள். ஆறிலும் கதாநாயகிக்குப் பக்கத்தில் நின்று சிரிக்கும் தோழி. காலையில் இக்ராம் நடிகர்கள் சங்கத்துக்குச் செய்தி சொன்னபோது, “எந்த பஹீஜா?” என்று கேட்டார்கள்.

“மாமா, என் பேரு?” என்றாள் இக்ராம்.

பயூமி பேசும் முனையை உள்ளங்கையால் பொத்தினார். “என்ன உறவுன்னு போடச் சொல்றே?”

“மகள்னு.”

“உன் பிறப்புப் பத்திரத்துல தாய் பேரு யாருது? அதை நானா எழுதினேன்?”

அவர் எழுதவில்லை. நபூசாதான் எழுதவைத்தாள். கதாநாயகி வேஷம் தருகிறேன், ஆனால் கையில் பிள்ளை இருக்கக் கூடாது என்று படமுதலாளி ஒருவர் சொல்லியிருந்தார். பிள்ளையைச் சமையல்காரி ஸகிய்யாவின் பெயரில் பதிந்தாள். வேஷம் வரவேயில்லை. இக்ராமுக்குப் பேச்சு வந்ததும் “அக்கா” என்று கூப்பிடப் பழக்கினாள். வீட்டில் வேறு யாரும் இல்லாதபோதும் அக்காதான். சினிமா கைவிட்ட பிறகும் அக்காதான்.

ஒன்பது நாளாக இக்ராம் கட்டிலுக்குக் கீழே பாய் விரித்துப் படுத்திருந்தாள். இன்று விடிந்ததும் நபூசாவின் உதடு அசைந்தது. இக்ராம் காதைக் கொண்டுபோய் வைத்தாள்.

“ஜன்னலச் சாத்து. குளிருது.”

சாத்திவிட்டுத் திரும்புவதற்குள் மூச்சு நின்றிருந்தது.

“மகள்னு போட்டா அப்பன் யாருன்னு கேப்பாங்க” என்றார் பயூமி, குரலைத் தாழ்த்தி. “செத்தவளுக்கு அந்த மானக்கேடு வேணுமா?”

“உங்களுக்குன்னு சொல்லுங்க, மாமா.”

அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டு கையை எடுத்தார். “அவ்வளவுதாங்க. போட்டுருங்க.”

பத்திரிகைக்காரன் அந்தப் பக்கம் எல்லாவற்றையும் திரும்ப வாசிப்பது தொலைபேசியில் கொசுவின் ரீங்காரம்போலக் கேட்டது. இக்ராம் கடைசிப் பெயர்வரை நின்றாள்.

பிற்பகல் அஸர் தொழுகைக்குப் பிறகு ஆண்கள் உடல் வைத்த சந்தூக்கைத் தூக்கிக்கொண்டு போனார்கள். சாயங்காலம் உறவுக்காரப் பெண்கள் கறுப்புடையில் வந்து கூடம் நிறைய உட்கார்ந்தார்கள். கோப்பைகள் எந்த அலமாரியில் இருக்கின்றன என்று வந்தவர்களில் ஒருத்திக்கும் தெரியாததால், இக்ராமே துக்க வீட்டு வழக்கப்படி சர்க்கரை போடாத காப்பி எடுத்துவந்தாள்.

பிரிகேடியரின் மனைவி ஒரு வாய் குடித்துவிட்டு நிமிர்ந்தாள். “பதமா போட்டிருக்கேம்மா. இந்த வீட்டுல எத்தனை வருஷமா இருக்கே?”

“பொறந்ததுலேருந்து.”

“பாரேன், விசுவாசமான பொண்ணு” என்று பக்கத்திலிருந்தவளிடம் சொல்லிவிட்டு, மிச்சத்தையும் குடித்துக் காலிக் கோப்பையை நீட்டினாள்.

இக்ராம் வாங்கித் தட்டில் வைத்துக்கொண்டாள். இன்னும் நாலு பேருக்குக் கொடுக்க வேண்டியிருந்தது.