மாமியின் சிரிப்பு

அந்தப் புதன்கிழமை பின்னேரம் லண்டன் நோர்பரி வீட்டு ஹோலில் இருந்தவர்கள் மூன்று பேர். டிவிக்கு நேரே, வேறொருவரும் இருக்கக்கூடாத கதிரையில், ஊரில் அரசாங்கக் கந்தோரில் பெரிய கிளாக்கராயிருந்த தியாகராஜா. ஜன்னல் பக்கச் சோபாவில், பயித்தங்காய் முறித்தபடி அவர் மனைவி பாலாம்பிகை. நிலத்தில், மடிக்கணினிக்கு முன்னால் சம்மணம் கட்டி, இளைய மருமகன் ரதீசன்.

ரதீசன் எடிட்டர். கலியாண வீடியோ வெட்டத் தொடங்கி, பன்னிரண்டு வருசம் ஆருக்கோ உதவியாளனாய் இருந்து, இந்த 2004இல்தான் ஒரு நகைச்சுவைத் தொடருக்குத் தன் பெயர் போடுமளவுக்கு வந்திருந்தான். வந்த கையோடு ஒரு குறும்பும் செய்தான். வெள்ளைக்காரன் ஒருவன் குளத்தில் விழும் காட்சிக்கு எந்தச் சிரிப்பொலியும் பொருந்தவில்லை. வீட்டுப் பழைய வீடியோ ஒன்றிலிருந்து மாமியின் சிரிப்பை எடுத்துப் போட்டுவிட்டான். தயாரிப்பாளருக்குச் சரியான புளுகம், சந்தோசம் தாங்கவில்லை. ஆனால் சிரித்தவரின் சம்மதக் கடிதம் வெள்ளிக்கிழமைக்குள் வர வேண்டும். வராவிட்டால், திருட்டுச் சிரிப்பு போட்டவனென்று வேலை போகும்.

காட்சி ஓடியது.

“இது என்ர சிரிப்பெல்லோ!”

“ஓம் மாமி. ஒரு கையெழுத்து மட்டும்...”

“ஏலாது! மனிசன் தண்ணிக்குள்ள விழுறான், நான் பல்லைக் காட்டுறனோ? சனம் என்ன நினைக்கும்?”

“அப்ப எதுக்குச் சிரிப்பியள்?”

மூன்று தரம் போட்டுப் பார்த்தபின் மாமி கையை உயர்த்தினார். “இந்தா, இதுக்கு.” விழுந்தவன் எழும்பி, இடுப்பளவு தண்ணியில் நின்று, ஒன்றும் நடக்காததுபோலத் தொப்பியைச் சரிசெய்யும் இடம்.

ரதீசன் சிரிப்பை அங்கே தள்ளினான். தியாகராஜாவுக்கே வயிறு குலுங்கியது.

கடிதத்தை அவரே இங்கிலீசில் எழுதினார்: திகதி, விலாசம், தலைப்பு. ‘சிரிப்பு பதிவான சந்தர்ப்பம்’ என்ற இடத்தில் பேனை நின்றது. “என்னண்டு போட?”

ரதீசன் கார்ப்பெற்றைப் பார்த்தான்.

“எங்கட மூத்தவள் ரஜனியின்ர கலியாணம்,” என்றார் மாமி. “மாப்பிளைக்கு மாலை போடேக்க உங்கட வேட்டி அவிண்டதெல்லோ, அப்ப.”

“நீர் அப்ப சாப்பாட்டுப் பக்கம் நிண்டனான் எண்டீர்!”

“வாசலடியில நிண்டனான். வேட்டி விழுந்ததுக்குச் சிரிக்கேல்லை. அதுக்குப் பிறகு, ஒண்டும் நடக்காத மாதிரிச் சால்வையைச் சரிசெய்தியள் பாருங்கோ...”

தியாகராஜா பேனையை மூடினார்.

“மாமா, வெள்ளிக்கிழமை...”

கடதாசியில் பொய் எழுதிப் பழகாத மனிசன். மருமகனின் முகத்தைப் பார்த்தார். பிறகு பேனையைத் திறந்து எழுதினார்.

மாமி எட்டிப் பார்த்தார். “அவிண்டதெண்டு போட்டியளோ?”

“‘சற்றே தளர்ந்தது’ எண்டு போட்டிருக்கு. இவன் மட்டுந்தானோ எடிட்டர்?”

மாமி கையெழுத்து வைத்தார். தியாகராஜா உறையை ஒட்டி, முத்திரை நேரோவென்று பார்த்து, மூலைத் தபால்பெட்டிக்குத் தானே நடந்தார். கடிதத்தை உள்ளே போட்டுவிட்டு, மஃப்ளரைச் சரிசெய்துகொண்டார்.