எதிரே நிற்க ஓர் ஆள்

மோஜி ஊர் மயானத்தின் காத்திருப்பு அறையில் இவாவோ தனியாக உட்கார்ந்திருந்தான். உள்ளே அம்மா எரிந்துகொண்டிருந்தாள். எரிந்து முடிந்ததும் எலும்புகளைக் குச்சிகளால் எடுத்துக் கலயத்தில் போட வேண்டும். ஒரே எலும்பை எதிரெதிரே நின்று இரண்டு பேர் சேர்ந்து பிடிப்பதுதான் முறை.

இவனுக்கு யார் வருவார்கள்? அடிதடிக் கும்பலில் இளமையைத் தொலைத்து, ஊரையே பகைத்துக்கொண்டவன். தங்கையும், "நீ இருக்கற இடத்துக்கு நான் வரமாட்டேன்" என்று போனை வைத்துவிட்டாள்.

"யாரும் வரலைன்னா நானே நிக்கிறேங்க" என்றார் மயான ஊழியர். அந்தக் கரிசனம் இவாவோவுக்குச் சுருக்கென்று தைத்தது. பெற்ற தாய்க்குச் சம்பள ஆளா?

அப்போது காலை இழுத்து இழுத்து ஒருவர் உள்ளே வந்தார். மீன்கடை முராசே. கும்பலுக்கு மாமூல் தர மறுத்ததற்காக அந்தக் காலை உடைத்ததே இவாவோதான்.

"வேடிக்கை பாக்க வந்தியா?" இவாவோவின் கை தானாக மடங்கியது. தலை நரைத்தும் அந்தக் கைக்கு மட்டும் புத்தி வரவில்லை.

"உன் மூஞ்சியப் பாக்கவா வந்தேன்? உங்கம்மா மீன் வாங்க வரும்போதெல்லாம் இடுப்பு வளையக் குனிஞ்சு மன்னிப்புக் கேப்பாங்க. போதும்மான்னாலும் விடமாட்டாங்க. அவங்களுக்காக வந்தேன். குச்சியை எடு."

இவாவோவுக்கு இது தெரியாது. அம்மா ஒரு நாளும் சொன்னதில்லை. மடங்கிய கை மெல்ல விரிந்தது.

கால் எலும்பில் தொடங்கினார்கள். கும்பல் தலைவனிடம் செய்த பிழைக்குத் தண்டனையாக எப்போதோ தானே வெட்டிக்கொடுத்த சுண்டுவிரல் இல்லாமல், இவாவோவின் குச்சிகள் பிடியில் நழுவின.

"நேராப் பிடிடா. கீழ விட்டுடாத."

பிடித்தான். கடைசியாகத் தொண்டை எலும்பையும் வைத்து மூடியதும், அம்மாவைப் போலவே இடுப்பு வளையக் குனிந்தான்.

"அதெல்லாம் உங்கம்மா செஞ்சு தீத்துட்டாங்க. நீ கடைப் பக்கம் மட்டும் வராத" என்று முராசே காலை இழுத்தபடி வெளியேறினார்.

பஸ்ஸில் மடியில் கலயத்தோடு உட்கார்ந்திருந்தான். நாளை தனக்கும் எதிரெதிரே நிற்க இரண்டு பேர் வேண்டும். யோசித்துப் பார்த்தான். ஒரு முகம்கூட வரவில்லை. கலயத்தில் இன்னும் சூடு இருந்தது. அதை இறுக்கிக் கட்டிக்கொண்டு அழுதான்.