கிருபன் அனுப்பிய கசெற்

மாப்பிள்ளை அனுப்பிய வீடியோக் கசெற் எங்கள் வீட்டு டெக்கில் ஓடவில்லை. வெறும் கோடுகள்தான் வந்தன. அவுஸ்திரேலியாக் கசெற்றுக்கு வேறு டெக் வேண்டுமாம். அது இங்கே கனடாவில், ஸ்காபரோவிலுள்ள குலசிங்கத்தின் வீடியோக் கடையில்தான் இருந்தது. ஆகவே என் மகள் துஷானிக்குப் பேசிய மாப்பிள்ளையை, வாடகைக்குப் படக் கசெற் எடுக்க வந்த சனத்தோடு சனமாக நின்று பார்க்க வேண்டியதாயிற்று. மானம் போயிற்று.

கிருபன் என்று பெயர். சிட்னிப் பக்கம், கடலோரத்தில் வீடு. முதலில் வந்த ஃபோட்டோ அவன் பள்ளிக்கூடத்தில் படித்த காலத்தில் எடுத்தது. அதனால்தான் ஆளையும் வீட்டையும் வீடியோ எடுத்து அனுப்பச் சொன்னோம். “பாத்திட்டுத்தான் ஓமோ இல்லையோ எண்டு சொல்லுவன்” என்றிருந்தாள் துஷானி. வந்த சம்பந்தமெல்லாம் தட்டிக்கழித்தவள். இதுவும் போய்விடுமோ என்ற பயத்தோடுதான் அவளையும் கூட்டிக்கொண்டு கடைக்கு வந்திருந்தேன்.

டீவியில் கடல் வந்தது. ஆளைக் காணவில்லை, குரல் மட்டும் கேட்டது.

“இது முந்தி வெறும் மணல்மேடு. பிறகு ட்ராம் விட்டவங்கள், சனம் குளிக்க வந்தது. பாறையை வெட்டிக் குளம் கட்டியிருக்கினம். அலை உள்ளுக்கு விழும், பாருங்கோ.”

நானும் கடலருகில் பிறந்தவள்தான். ஆனால் வீட்டுயரம் எழும்பி வந்து விழும் கடலை நான் கண்டதில்லை. படம் தேடிக்கொண்டிருந்தவர்களும் திரும்பிப் பார்த்தார்கள்.

“உவர் மாப்பிள்ளையோ, ஊர் சுத்திக் காட்டுற ஆளோ? தன்ரை மூஞ்சியைக் காட்டினால் என்ன?” என்றேன்.

“கமராவை அவரெல்லோ பிடிக்கிறார், அக்கா. வேறை ஆளில்லைப் போலை” என்றார் குலசிங்கம்.

கமரா குனிந்தது. பாறையில் ஒரு திமிங்கிலம், கோடாகச் செதுக்கியிருந்தது.

“இது ஆதியிலை இஞ்சை இருந்த சனம் கீறினது. எவ்வளவு பழசு எண்டு எனக்குத் தெரியாது. அந்தச் சனத்தைக் கலைச்சுப்போட்டுத்தான் இந்த வீடுகள் வந்தது. நான் இருக்கிற வீடும்தான்.”

சிலர் டீவிக்குக் கிட்ட வந்தார்கள். சண்டையில் யாழ்ப்பாணமே வெளிக்கிட்டு ஓடி இன்னும் ஒரு வருடம் ஆகவில்லை. கடையில் நின்ற பலருக்கும் ஊரில் விட்டுவிட்டு வந்த வீடு ஒன்று இருந்தது.

பிறகு இரண்டு கால்கள் தெரிந்தன. சப்பாத்தைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, வெறுங்காலோடு, கோட்டை மிதிக்காமல் அவன் அந்தத் திமிங்கிலத்தைச் சுற்றி நடந்தான். எங்கள் ஆட்கள் கோயில் வீதியைச் சுற்றிக் கும்பிடுவதுபோல் நடந்தான். அப்படி நடக்க வேண்டுமென்று அவனுக்குச் சொல்லிக்கொடுக்க அங்கே யார் இருந்தார்கள்?

கசெற் முடிந்தது. வீடும் இல்லை, முகமும் இல்லை.

“முகம் தெரியிற மாதிரி இன்னொண்டு அனுப்பச் சொல்லட்டே?” என்று மகளைக் கேட்டேன்.

“வேண்டாம், அம்மா. ஓம் எண்டு சொல்லுங்கோ.”

இத்தனை காலமும் நான் கேட்கத் தவித்த சொல். அவள் என்னை விட்டுப் போய்விடுவாள் என்பது கேட்டபிறகுதான் உறைத்தது. அவுஸ்திரேலியா எவ்வளவு தூரம் என்று நான் அதுவரை ஒருவரிடமும் விசாரித்ததில்லை.

“தம்பி, முதல்லையிருந்து ஒருக்காப் போடுங்கோ” என்றேன் குலசிங்கத்திடம். என் பிள்ளை போகப்போகிற கடலை நான் வடிவாகப் பார்க்க வேண்டியிருந்தது.