கல் நடாத குழிகள்

"இன்னும் அவரு வேலி போடலையேம்மா" என்று வழக்கறிஞர் வினோதினி மூன்றாம் முறையாகச் சொன்னபோது, நீதிமன்ற வளாகத்தில் நின்றிருந்த சரசுவுக்குக் காது அடைத்துக்கொண்டது. அவளுடைய கொழுந்தன் முருகவேல், வண்டிப் பாதைக்குக் குறுக்கே, தன் பட்டா நிலத்தில் குழிகள் தோண்டி, கல் கம்பங்களையும் இறக்கி வைத்திருந்தான். அவற்றை நட்டுவிட்டால், கீழ்பென்னாத்தூரை அடுத்த அவளது வேர்க்கடலைக் கொல்லைக்கு டிராக்டர் செல்ல வேறு வழியே கிடையாது. தடை கேட்டு அவள் போட்ட மனுவை நீதிமன்றம் சற்றுமுன் ஏற்க மறுத்துவிட்டது. பாதை இன்றுவரை திறந்தே இருப்பதால் வழக்குக்கான காரணம் இன்னும் எழவில்லையாம்.

"அப்போ எப்பதான் வர்றது மேடம்?"

"அவரு அடைச்சதும் வாங்க. அப்பதான் கேஸ் நிக்கும்."

"அதுவரைக்கும் மல்லாட்டை நிக்குமா மேடம்?" என்று கொல்லையிலிருக்கும் வேர்க்கடலையை நினைத்துக் கேட்டாள் சரசு.

வினோதினி அடுத்த கட்சிக்காரரைக் கைகாட்டி அழைத்தார்.

மறைந்த கணவர் கோதண்டராமனை நினைத்தால்தான் அவளுக்கு ஆத்திரமாக வந்தது. பங்காளி ஒருவர் வாய்க்காலை மூடியபோது, சொந்தத்துக்குள் வழக்கு வேண்டாமென்று வருடக்கணக்கில் சமாதானம் பேசியவர் அவர். கடைசியில் நீதிமன்றம் போனபோது, காலம் கடந்துவிட்டது என்று அனுப்பிவிட்டார்கள். அதனால்தான் இம்முறை, தோண்டிய மண்ணின் ஈரம் காயும் முன்பே அவள் ஓடி வந்தாள். பிந்தினாலும் குற்றம், முந்தினாலும் குற்றம் என்றால், சரியான நாளை எந்தப் பஞ்சாங்கத்தில் பார்ப்பது? நீதிமன்றம் இருந்த வேங்கிக்காலில் பேருந்து ஏறியவள், தன் ஊரில் இறங்கி நேராகக் கொல்லைக்கு நடந்தாள்.

கொல்லையோரம் கிடந்த கல் கம்பத்தின் மேல் முருகவேல் சாவகாசமாக உட்கார்ந்திருந்தான்.

"வா அண்ணி. கோர்ட்டுல மரியாதையா ஒக்கார வெச்சாங்களா?"

"நடறதா இருந்தா இன்னிக்கே நட்டுடுடா. ஆள் கூலிய வேணா நான் தர்றேன்."

அவன் வாய்விட்டுச் சிரித்தான். "என்னா அண்ணி அவசரம்? மொதல்ல மல்லாட்டை முத்தட்டும். நீ தாராளமா போ. ஒன்னிய யாரு தடுத்தா?"

மிகுந்த பணிவோடு காலை மடக்கி அவளுக்கு வழிவிட்டான். படியேறாமலேயே நீதிமன்றத்தை அவன் படித்துவிட்டான் என்பது அவளுக்கு விளங்கியது. அறுவடைக்கு ஆள் இறங்கும் நாளில் பாதை அடைபடும். மறுபடி மனு எழுதி, நோட்டீஸ் போய், வாய்தா வாங்கி முடிவதற்குள் காய்கள் மண்ணுக்குள்ளேயே முளைத்துவிடும்.

திறந்திருந்த அந்தப் பாதை வழியே நடந்து கொல்லைக்குள் இறங்கினாள். இப்போதே பறித்துவிட முடியுமா என்று ஒரு செடியைப் பிடித்து இழுத்தாள். மண்ணோடு வந்த காய்கள் வெளுத்துப்போய், நகம் பட்டதும் நசுங்கின. உள்ளே பருப்பு என்று சொல்ல ஏதுமில்லை. வெறும் நீர்தான் விரலில் ஒட்டியது.

அந்த விரலைப் புடவையில் துடைத்துக்கொண்டு, குனிந்து அடுத்த செடியின் அடியைப் பிடித்தாள்.